உரிமைக்குப் பங்கமின்றி

இனிமேல் இந்த வீட்டில் தன் சொல்தான் சொல் என்று சீனிமுகம்மது முடிவெடுத்தபோது, அதில் ஒரேயொரு சிக்கல் இருந்தது. வீடு அவருடையதல்ல.

கல்முனைக்குடியில் இது புதினமான சங்கதியில்லை. இலங்கையின் அந்தக் கிழக்குக் கரையோரம் முழுக்க வீடு பெண்பிள்ளைக்குத்தான். வாப்பா கட்டுவார், மகள் பேரில் எழுதுவார், மாப்பிள்ளை ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்து குடியேறுவார். சீனிமுகம்மதும் அப்படித்தான், இளந்தாரி வயதில் சம்மாந்துறையிலிருந்து தகரப் பெட்டியோடு வந்திறங்கி முனவ்வறாவுக்கு மாப்பிள்ளையானார். அவர் பிறந்த வீடு தங்கச்சி ஹாஜறாவுக்குச் சீதனமாகப் போயிற்று. பிறந்த வீடு தங்கச்சியுடையது, வாழ்கிற வீடு மனைவியுடையது. அவருக்கென்று இருந்தது கல்முனைச் சந்தைக்குப் பக்கத்தில் வாடகைக்கு எடுத்த ஒரு கடை மட்டும்தான்.

அந்தக் கடையில் ஒலிபெருக்கிச் சாமான்களும் மடக்குக் கதிரைகளும் வாடகைக்குக் கிடைக்கும். கலியாணமோ, உதைபந்தாட்டமோ, விவசாயிகள் கூட்டமோ, எதுவானாலும் சீனிமுகம்மதுவின் ஸ்பீக்கர்தான். அறிவித்தலும் அவரேதான். காரின் தலையில் ஸ்பீக்கர் புனலைக் கட்டிக்கொண்டு அவர் "அன்பார்ந்த பொதுமக்களே" என்று தொடங்கினால் மருதமுனையில் இருப்பவனும் காதைத் தீட்டுவான். ஊர் முழுக்கக் கேட்கும் அந்தக் குரல் சொந்த வீட்டில் மட்டும் குசினி வாசலைத் தாண்டியதில்லை.

எண்பத்தொன்றாம் வருசம் அந்தக் குரலைக் கொஞ்சம் உயர்த்திப் பார்த்தார். காரணம் ஒரு கோழி.

ஸ்பீக்கர் புனலொன்றைப் பெயின்ட் அடிக்கவென்று வீட்டுக்குக் கொண்டுவந்து பின் தாழ்வாரத்தில் வைத்திருந்தார். அடிப்பேன் அடிப்பேன் என்று நாள் போயிற்று. திடீரென்று உதைபந்தாட்ட இறுதிப் போட்டிக்கு ஆள் வந்தது. ஓடிப்போய்ப் புனலைத் தூக்கினார். உள்ளேயிருந்து ஒரு கோழி அவர் முகத்தில் பறந்தது. அதன் பின்னால் முட்டைகள் ஒவ்வொன்றாக உருண்டு வந்து சீமெந்தில் விழுந்தன. சத்தம் கேட்டு முனவ்வறா ஓடிவந்தாள்.

"மச்சான்! என்ன செஞ்ச நீங்க?"

"ஸ்பீக்கர எடுத்தன்."

"அதுக்குள்ள கோழி அடை கிடந்திச்சே!"

"ஸ்பீக்கருக்குள்ள கோழி என்னத்துக்குக் கிடக்கோணும்? அதுவும் அறிவித்தலா செய்யப் போகுது?"

"இண்டைக்கு நாளைக்குப் பொரிக்க இருந்த முட்டை!"

"என்ட தொழில் சாமானில கோழி அடைவைக்க ஆரு சொன்ன?"

"என்ட வீட்டில உங்கட சாமான வைக்க ஆரு சொன்ன?"

சொல்லி முடித்ததும் முனவ்வறாவே ஒரு கணம் வாயைப் பொத்தினாள். கலியாணம் முடித்த நாளிலிருந்து அந்த இரண்டு சொல்லை, 'என்ட வீடு' என்பதை, அவள் ஒருநாளும் சொன்னதில்லை. ஆனால் சொன்னது சொன்னதுதான். உடைந்த முட்டையும் சொன்ன சொல்லும் ஒன்றாகத் தரையில் கிடந்தன.

சீனிமுகம்மது புனலை ஒரு கையிலும் தகரப் பெட்டியை மறுகையிலும் தூக்கினார். வேலி வாசல் கடப்படியில் நின்று திரும்பினார்.

"இனி இந்தக் கடப்படிய மிதிக்க மாட்டன்!"

"போறதெண்டா அந்த முட்டைக் கோதையும் பொறுக்கிக்கிட்டுப் போங்க" என்றாள் முனவ்வறா.

நேரே சம்மாந்துறைக்கு பஸ் ஏறினார். தங்கச்சி ஹாஜறா, அண்ணனைக் கண்டதும் "காக்கா வந்திட்டார்" என்று கோழி அறுத்துச் சமைத்தாள். கோழி என்றதும் அவருக்குத் தொண்டையில் இறங்கவில்லை. மறுநாள் மீன் ஆணம். அதற்கடுத்த நாள் பருப்பு. அதற்கும் அடுத்த நாள் தங்கச்சி புருசன் ஜெமீல், வெள்ளாமை பார்த்துவிட்டு வந்து காலைக் கழுவிக்கொண்டே சாடையாகக் கேட்டார்.

"மச்சான், கல்முனைக்குப் போற பஸ் இப்ப காலையிலயும் ஓடுதாம், தெரியுமா?"

சீனிமுகம்மதுவுக்குத் தெரிந்தது. காலை பஸ்ஸிலேயே வந்துவிட்டார்.

கடையின் பின்பக்கத்தில் இரண்டு ஸ்பீக்கர் பெட்டிகளைச் சேர்த்து வைத்து, மேலே பாய் விரித்து, அதைக் கட்டில் என்றார். பக்கத்துத் தேத்தண்ணிக் கடை இராசதுரையிடம் சாப்பாட்டுக்குச் சொல்லிவைத்தார். இராசதுரை பாண்டிருப்பிலிருந்து சைக்கிளில் வருகிற மனிதர். மனைவி கட்டிக்கொடுத்த சோற்றுப் பொட்டலத்தை நடுப்பகலில் அவர் விரிக்கும் வாசம் தடுப்புப் பலகை வழியாக வரும். சீனிமுகம்மது அந்த நேரம் பார்த்து ஏதாவது ஒரு வயரைப் பிடித்து ஈயம் ஒட்டத் தொடங்குவார். ஈயப் புகை அடித்தால் மற்ற வாசம் வராது.

ஊர் முழுக்க உட்காரப் போதுமான கதிரை அந்தக் கடையில் இருந்தது. உட்கார ஒரே ஒரு ஆள். ஒரு மழை மத்தியானம், ஒரு வேலையும் இல்லாமல், மைக்கைச் சோதிக்கிறேன் என்று எடுத்தார். "ஹலோ... ஹலோ..." என்றார். சுவரில் பட்டுத் திரும்பி வந்து "ஹலோ" என்றது அவருடைய குரலே. வெட்கமாகப் போயிற்று. அணைத்துவிட்டார்.

அவள் ஆளனுப்புவாள் என்றுதான் நினைத்திருந்தார். ஒருவரும் வரவில்லை. அப்போதுதான் பெட்டிசம் இப்றாஹிமின் ஞாபகம் வந்தது.

இப்றாஹிம் ஒரு காலத்தில் நீதிமன்றத்தில் எழுதுவினைஞராக இருந்தவர். ஓய்வுபெற்ற பிறகு, அதே நீதிமன்றத்துக்கு எதிரே வேப்பமரத்தின் கீழ் ஒரு மேசையும் தட்டெழுத்து மிசினும் போட்டுக்கொண்டு, வழக்குக்கு வருகிற சனங்களுக்கு மனு எழுதிக் கொடுத்தார்.

"காக்கா, அவவுக்கு ஒரு பயம் காட்டோணும்."

"எவ்வளவு பயம்?"

"என்ன?"

"சின்னப் பயமெண்டா கடிதம். பெரிய பயமெண்டா காதியாருக்கு மனு."

"பெரிசாவே போடுங்க."

"பெரிசெண்டா, தலாக் சொல்ல உத்தேசம் எண்டு அறிவிக்கிறது தம்பி. நல்லா யோசிச்சிட்டியா?"

"உத்தேசம்தானே காக்கா? சொல்லப்போறல்லையே. பயம்தானே காட்டப்போறம்."

இப்றாஹிம் மூக்குக்கண்ணாடிக்கு மேலால் ஒரு பார்வை பார்த்தார். பிறகு மிசினில் காகிதத்தைச் சுற்றினார். ஒப்பம் வைக்கும்போது சீனிமுகம்மதுவின் பேனா இரண்டு தரம் தடுக்கியது. கோபம் என்று சொல்லிக்கொண்டார்.

காதியார் பக்கீர் முகைதீன் பழைய தலைமை ஆசிரியர். சனிக்கிழமைகளில் தன் வீட்டு விறாந்தையில் உட்கார்ந்து புருசன் பெண்சாதி வழக்குகளைக் கேட்பார். விசாரணைத் தவணைக்கு முனவ்வறா குடையோடு வந்தாள். சீலைத் தலைப்பைத் தலையில் இழுத்துப் போட்டுக்கொண்டு அடக்கமாக வாங்குப் பலகையில் உட்கார்ந்தாள். சீனிமுகம்மது கடைக்கண்ணால் கவனித்தார். இப்போது அழுவாள். சற்று நேரத்தில் அழுவாள். காதியார் வாசித்ததும் கட்டாயம் அழுவாள்.

காதியார் வாசித்தார்.

"விளங்கிச்சா மகள்? பிரிய உத்தேசமாம். நீ என்ன சொல்றாய்?"

"அவருக்கு அப்படி உத்தேசமெண்டா, எனக்கு ஆட்சேபம் இல்ல காதியார்."

சீனிமுகம்மதுவுக்கு வாங்கு ஒருபக்கம் சரிந்ததுபோல இருந்தது.

"ஆட்சேபம் இல்லையா?" என்று கேட்டது காதியார் அல்ல, அவரேதான்.

"நீங்கதானே போட்ட?"

"போட்டா... போட்டா ஒரு ஆட்சேபம்கூட இல்லையா?"

காதியார் இருமிக்கொண்டார். அவருக்குச் சிரிப்பு வந்தால் இருமல்தான் வரும். "அவசரம் ஒண்டும் இல்ல. ரெண்டு பேரும் யோசிங்க. இன்னொரு தவணை தாறன்" என்று கொப்பியில் குறித்தார்.

படியிறங்கும்போது முனவ்வறா அவர் பக்கத்தில் ஒரு நிமிசம் நின்றாள். அவர் நிமிர்ந்து நின்றார். மன்னிப்புத்தான் கேட்கப்போகிறாள்.

"இருமல் கூடியிரிக்கு. கடைத் தகரத்துக்குக் கீழ ஈரத்தில படுக்காதீங்க."

அவ்வளவுதான். குடையை விரித்துக்கொண்டு போய்விட்டாள். சீனிமுகம்மதுவுக்கு அவள் ஏசியிருந்தால் தேவலை என்று இருந்தது. ஏச்சை மனத்தில் வைத்துக்கொண்டு நாலு நாள் கோபமாகப் படுக்கலாம். இதை வைத்துக்கொண்டு எப்படிப் படுப்பது? அன்றிலிருந்து இருமல் வரும்போதெல்லாம் அவள்தான் வந்தாள்.

இந்த நேரத்தில்தான் கட்டாரிலிருந்து கசட் வந்தது.

சரீப் அவர்களுடைய ஒரே மகன். கட்டாரில் வேலை. கடிதம் எழுதப் பஞ்சி. அதனால் யாராவது ஊருக்கு வந்தால் தன் குரலைப் பதிந்து ஒரு கசட் கொடுத்தனுப்புவான். இந்த முறை கொண்டுவந்தவன் சாய்ந்தமருது இளைஞன். போகிற வழியில் கடைக்குள் எட்டிப்பார்த்தான்.

"சாச்சா, சரீப் கசட் ஒண்டு தந்தான். வீட்ட குடுத்திட்டன். உம்மாவும் வாப்பாவும் சேந்திருந்து கேக்கட்டாம் எண்டு சொல்லச் சொன்னான்."

அவன் போன பிறகுதான் சீனிமுகம்மதுவின் கண் தட்டில் போய் நின்றது. வீட்டிலிருந்த கசட் பிளேயர் கடையில் இருக்கிறது. கலியாண வீட்டுக்குப் பாட்டுப் போடவென்று எடுத்துவந்தது, திரும்பிப் போகவேயில்லை.

மகன் குரல் அங்கே. அதைப் பேசவைக்கிற மிசின் இங்கே.

சந்தோசத்தில் துள்ளினார். இப்போது அவள் வந்தே ஆகவேண்டும்! பிளேயரைத் துடைத்தார். புதுப் பட்டறி போட்டார். வாசலுக்கு நேரே தெரியும்படி வைத்தார். அவள் வந்து நிற்பாள். "மச்சான், மிசினத் தாங்க" என்பாள். "உனக்குத்தான் ஒண்டுக்கும் ஆட்சேபம் இல்லையே" என்று இவர் சொல்வார். அந்த வசனத்தைப் பல விதமாகச் சொல்லிப் பார்த்தார். ஒவ்வொரு விதமும் நன்றாக இருந்தது.

அவள் வரவில்லை.

"இராசதுரை, நம்மட வீட்டுப் பக்கம் போன நீயா?" என்று ஒருநாள் கேட்டுவிட்டார்.

"ஓம் காக்கா, முட்டை வாங்கப் போன நான்."

"முட்டையா?" சீனிமுகம்மது ஒரு மிடறு தேத்தண்ணியை விழுங்கினார். "கசட் கேட்டாவாமா? பக்கத்து வீட்டில மிசின் இரிக்கே."

"நானும் கேட்டன். அலுமாரிக்குள்ள வெச்சிருக்காவாம். சேந்திருந்து கேக்கச் சொல்லி மகன் சொல்லியிருக்கானாம். தனியக் கேட்டா அது மகனுக்குச் செய்யிற களவாம்."

சீனிமுகம்மது தேத்தண்ணியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனார். கடைக்குள்ளே, மடக்கி அடுக்கிய கதிரைகளுக்கு நடுவில், அந்தப் பிளேயருக்கு எதிரே உட்கார்ந்தார். வாய் இருந்தும் பேசாத சாமான். பார்க்கப் பார்க்க அதுவும் தன்னைப்போலவே இருந்தது.

மறுநாள் வேப்பமரத்தின் கீழ் நின்றார்.

"காக்கா, மனுவக் கைவாங்கோணும், திருப்பி எடுக்கோணும்."

"மனுவக் கைவாங்கலாம். மானத்த?"

"அதுக்குத்தானே உங்கட்ட வந்த! தோத்துப்போய்க் கைவாங்கின மாதிரி இருக்கக் கூடா. 'இப்போதைக்கு விட்டிருக்கன், நினைச்சா நாளைக்கும் போடுவன்' எண்ட மாதிரி இருக்கோணும். சட்டத்தில அப்படி ஒண்டும் இல்லையா?"

இப்றாஹிம் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு நிமிர்ந்தார். தொழில் நுணுக்கம் கேட்டால் அவருக்கு உசார் வந்துவிடும்.

"இரிக்கு. சும்மா 'கைவாங்கிறன்' எண்டு மட்டும் எழுதினா, பிறகு போடக்குள்ள 'அண்டைக்கே விட்டுட்டியே, இப்ப என்ன' எண்டு கேப்பாங்க. அந்த முட்டைக் கதை அதோட முடிஞ்சி. ஆனா ஒரு வசனம் சேத்தா, கதவு சாத்தாம இரிக்கும். கேள்."

மிசின் தடதடத்தது. இப்றாஹிம் வாசித்தார்:

"'இதே விடயம் தொடர்பில் எதிர்காலத்தில் மீண்டும் மனுச் செய்வதற்கும் சட்டம் அனுமதிக்கும் ஏனைய பரிகாரங்களைக் கோருவதற்கும் எனக்குள்ள உரிமைக்குப் பங்கமின்றி இம்மனுவைக் கைவாங்கிக்கொள்கிறேன்.'"

"இன்னொருக்கா வாசிங்க காக்கா."

இன்னொரு தரம் வாசித்தார். சீனிமுகம்மதுவுக்கு மனம் குளிர்ந்தது. உரிமைக்குப் பங்கமின்றி! அதற்குள்ளேயே 'மானத்துக்கும் பங்கமின்றி' என்பதும் ஒளிந்திருந்தது. வீட்டுக்கும் போகலாம், தலையையும் நிமிர்த்தலாம். வசனத்தை மனப்பாடம் பண்ணினார். கடையில் மைக்கைப் பிடித்துக்கொண்டு சொல்லியும் பார்த்தார். "எனக்குள்ள உரிமைக்குப் பங்கமின்றி..." என்று அடித்தொண்டையால் இழுத்தபோது தடுப்புப் பலகைக்கு அப்பால் இராசதுரையின் குரல் கேட்டது.

"காக்கா, என்ன, எலெக்சன் கேக்கப் போறீங்களா?"

அடுத்த தவணைக்குச் சவரம் செய்து, வெள்ளைச் சாரன் கட்டி, அத்தர் பூசிக்கொண்டு போனார். தகரப் பெட்டியைக் கட்டித் தயாராகக் கடையில் வைத்திருந்தார். காதியார் காகிதத்தை வாசித்தார். அந்த வசனம் வந்த இடத்தில் சீனிமுகம்மதுவின் உதடும் கூடவே அசைந்தது.

"விளங்கிச்சா மகள்?"

"இல்ல காதியார். பங்கமின்றி எண்டா என்ன?"

"இண்டைக்குக் கைவாங்கிறார். ஆனா மறுகாலும் தேவை வந்தா, இதே மனுவ அவர் திரும்பப் போடலாம்."

"இதே முட்டைக்கா?"

"ஓம், இதே முட்டைக்குத்தான்."

"அதுக்குள்ள முட்டை மணத்துப் போயிருமே."

காதியாருக்கு இருமல் வந்தது. விறாந்தையில் தங்கள் முறைக்குக் காத்திருந்த சனங்களும் இருமினார்கள்.

"ஆட்சேபம் இரிக்கா, இல்லையா?"

"இல்ல காதியார். ஆனா எனக்கும் அதுல ஒரு பங்கமின்றி எழுதித் தாங்க."

"உனக்கு என்னத்துக்கு? நீ ஒரு மனுவும் போடல்லையே."

"அதான் காதியார். நான் இன்னும் போடல்ல. போடவேண்டி வந்தாப் போடுறதுக்கு எனக்குள்ள உரிமை. நான் தொடாததால என்ட முழுசா இரிக்கு. அவர் பாதியப் பாவிச்சிட்டார்."

காதியார் பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் கூரையைப் பார்த்தார். பிறகு பேனாவை எடுத்து எழுதினார். எழுதியதைச் சீனிமுகம்மதுவும் ஒப்பமிட்டு ஏற்றுக்கொண்டார். ஏற்காமல் என்ன செய்வது? பெண்சாதிக்கு உரிமை வேண்டாம் என்று இத்தனை பேருக்கு முன்னால் சொல்லமுடியுமா?

இருந்தாலும் நெஞ்சு லேசாகத்தான் இருந்தது. மனு முடிந்தது. முனவ்வறா முன்னால் நடக்க, ஒரு எட்டுப் பின்னால் நடந்தார். பஸ் நிற்கும் இடம் வந்தது. அவள் திரும்பிப் பார்த்தாள்.

"எங்க வாறீங்க?"

"வீட்ட."

"ஆருட வீட்ட?"

அவர் ஒரு எட்டு முன்னால் வந்தார்.

"மனு முடிஞ்சிதானே புள்ள?"

"மனுவத்தான் கைவாங்கின நீங்க. வீட்டுக்கு வாறெண்டு அதுல ஒரு எழுத்தும் இல்லையே. காதியார் வாசிக்கக்குள்ள நானும் காது குடுத்துத்தானே இருந்த."

அவர் மனத்துக்குள் வசனத்தை முதலிலிருந்து ஓட்டிப் பார்த்தார். எதிர்காலத்தில் மீண்டும் மனுச் செய்வதற்கும்... ஏனைய பரிகாரங்களைக் கோருவதற்கும்... உண்மைதான். போவதற்கு வழி இருந்தது. இன்னொரு தரம் போவதற்கும் இருந்தது. வருவதற்கு மட்டும் இல்லை.

பஸ் வந்தது. அவள் ஏறினாள். புழுதிக்குள் வெள்ளைச் சாரனோடு நின்றார்.

இப்றாஹிமிடம் ஓடினார். "காக்கா, வீட்ட போறதுக்கு என்ன மனு?"

"அதுக்கு மனு இல்ல தம்பி."

"ஏதாவது ஒரு விண்ணப்பம்?"

"இல்ல. கேட்டா வாயாலதான் கேக்கோணும். அத நான் எழுதித் தர ஏலா."

கடைக்கு வந்தார். கட்டி வைத்த தகரப் பெட்டி அப்படியே இருந்தது. அதை அவிழ்க்கவும் மனமில்லை, பார்க்கவும் மனமில்லை. அன்றைக்கு ஒரு அறிவித்தல் வேலை இருந்தது. காரில் புனலைக் கட்டிக்கொண்டு கல்முனைக்குடிக்குள் போனார். முனவ்வறாவின் வீட்டுக்குத் திரும்புகிற ஒழுங்கை முகப்பு வந்ததும் மைக்கை வாய்க்குக் கிட்டக் கொண்டுபோனார். "அன்பார்ந்த..." என்றார். அதற்கு மேல் ஓடவில்லை. மைக்கில் வெறும் மூச்சுச் சத்தம் மட்டும் கேட்டது. சாரதி திரும்பிப் பார்த்தான். "தொடர்ந்து ஓட்டு" என்று கையைக் காட்டினார்.

மறுநாள் பின்னேரம் அசர் தொழுதுவிட்டு, கசட் பிளேயரைச் சைக்கிள் கரியரில் வைத்துக் கட்டினார். மிதிக்க மாட்டேன் என்று சொன்ன கடப்படிக்கு வந்து, அதை மிதிக்காமல், வெளியே நின்றார். உள்ளே முற்றம் கூட்டுகிற சத்தம் கேட்டது. இருமினார்.

"ஆரு?"

"நான்."

"நானெண்டா? மனுக்காரரா?"

"மிசின் கொண்டுவந்த நான். கசட் கேக்க."

"கடப்படியில வெச்சிட்டுப் போங்க. நான் எடுக்கிறன்."

"பாரம் கூட புள்ள. உனக்குத் தூக்க ஏலா."

"ஏலும்."

"பட்டறி போடத் தெரியாதே உனக்கு."

"தெரியும்."

"அது... பட்டன் ஒண்டு இறுகிக் கிடக்கு. அத அமத்திறதுக்கு ஒரு கணக்கு இரிக்கு."

"சொல்லித் தாங்க. அமத்துறன்."

எல்லாச் சாட்டும் முடிந்துபோயிற்று. கடற்காற்று வேலியோலையைச் சலசலத்தது. பக்கத்து வீட்டில் யாரோ பிள்ளையைக் கூப்பிட்டார்கள். ஊருக்கெல்லாம் அறிவித்தல் செய்த மனிதர் வேலியைப் பிடித்துக்கொண்டு, அவருக்கே கேட்காத சத்தத்தில் சொன்னார்:

"புள்ள, எனக்குத் தனிய இரிக்க ஏலாமக் கிடக்கு. நான் வரட்டா?"

விளக்குமாற்றின் சத்தம் நின்றது. அவளுக்குக் கேட்கவில்லையோ, இன்னொரு தரம் சொல்லவேண்டுமோ என்று அவர் பயந்தார். பிறகு கடப்படிப் படலை திறந்தது. முனவ்வறாவின் கண் சிவந்திருந்தது.

"வெங்காயம் உரிச்சிக்கிட்டு இருந்தன்" என்றாள்.

கையில் விளக்குமாறுதான் இருந்தது. சீனிமுகம்மது அதைப் பற்றிக் கேட்கவில்லை.

"இதத்தானே அண்டைக்கே சொல்லியிருக்கலாம் மச்சான். இதுக்குப் போய்க் காதியார், தவணை..."

"நீ 'என்ட வீடு' எண்ட."

"சொன்ன நான்தான். பொறுத்துக்கங்க." அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "வாய் தவறி வந்த சொல்லுக்கு நீங்க மிசினில அடிச்சிக் குடுத்தா, நான் என்ன செய்யிற? எனக்கும் ரோசம் இரிக்கும்தானே. ஆட்சேபம் இல்லையெண்டு சொல்லிட்டு வந்து ரெண்டு நாள் சோறு திங்கல்ல."

இருவரும் கூடத்தில் உட்கார்ந்து கசட்டைப் போட்டார்கள். கரகரத்து, பிறகு சரீபின் குரல் வந்தது. சலாம் சொன்னான். சூடு பற்றிச் சொன்னான். ஒரு அறைக்குள் நிறையப் பேர் படுக்கிறார்களாம், ஆனால் கதைக்க ஒருவரும் இல்லையாம், வேலை விட்டு வந்தால் எல்லாரும் சுவரைப் பார்த்துப் படுப்பார்களாம். "வாப்பா, நீங்களும் உம்மாவும் சண்டை பிடிக்கிற சத்தம் காதுக்குள்ளயே கேக்குது. அது இல்லாம நித்திர வருதில்ல" என்று சிரித்தான். சிரிப்பு பாதியில் எங்கோ போயிற்று. கசட் சும்மா ஓடிக்கொண்டிருந்தது. அவன் அழுதானா, தண்ணீர் குடித்தானா என்று தெரியவில்லை. இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் அந்த வெறும் ஓட்டத்தைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

பக்கம் முடிந்து பட்டன் டக்கென்று எழும்பியது. முனவ்வறா எழுந்துபோய்த் தேத்தண்ணி ஊற்றி வந்தாள். பால் விட்டிருந்தாள், சீனியும் சரியாக இருந்தது. இராசதுரைக்கு ஒருநாளும் சரிவராத அளவு. சீனிமுகம்மது ஒரு வாய் குடித்தார். கண்ணை மூடித் திறந்தார். மனது நிறைந்து வந்தது. தொண்டையைச் செருமினார். இத்தனை நாளும் ஸ்பீக்கர் பெட்டிகளின் மேல் புரண்டு புரண்டு கேட்க நினைத்த கேள்வி அதுதான்.

"புள்ள..."

"ம்?"

"நான் இல்லாத நேரம் என்னத் தேடின நீயா?"

முனவ்வறா சற்றும் யோசிக்கவில்லை.

"தேடாம? நல்லாத் தேடின நான்."

சீனிமுகம்மதுவின் நெஞ்சு ஒரு சாண் அகன்றது. கேட்டுவிட்டார், கிடைத்துவிட்டது. குரல் தழுதழுக்க, "எப்ப புள்ள?" என்றார்.

"வாளி கிணத்துக்குள்ள விழுந்திச்சே, அண்டைக்கு. இன்னும் உள்ளுக்குத்தான் கிடக்கு. தேத்தண்ணியக் குடிச்சிட்டு இறங்குங்க."